ஸ்ப்ரே வளைவில் எஞ்சிய வீடு

பெர்லின் மத்திய ரயில் நிலையத்தின் தெற்கு வாசலில் வெளியே வந்தால் எதிரே ஸ்ப்ரே ஆறு. அந்த இடத்தில் ஆறு வில்லாக வளைகிறது. அக்கரையில் திறந்த புல்வெளிப் பூங்கா. அதைத் தாண்டி வலப்பக்கம் 36 மீட்டர் உயரத்துக்குச் சான்சலர் அலுவலகம்; இடப்பக்கம் நாடாளுமன்ற உறுப்பினர்களின் அலுவலக வளாகம்; அதன் பின்னால் ரைஷ்டாக் என்ற நாடாளுமன்றக் கட்டடத்தின் கண்ணாடிக் குவிமாடம். ஒன்றுபட்ட ஜெர்மனி தன் தலைநகரைப் புதிதாகக் கட்டிக்கொண்ட இடம் இது. இவ்வளவு பிரம்மாண்டங்களுக்கும் நடுவே, அக்கம்பக்கம் இல்லாமல், மூன்று அடுக்குப் பழைய வீடு ஒன்று நிற்கிறது. கூரையில் சிவப்புக் கொடி, அதில் வெள்ளைச் சிலுவை.

சுவிட்சர்லாந்தின் தூதரகம் அது.

குவிமாடத்தைப் பார்க்க வரிசையில் நிற்கப் போகும் பயணிகள் அதை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு நடந்துவிடுகிறார்கள். நின்று பார்க்க வேண்டிய கட்டடம். இந்த ஆற்று வளைவில் ஒரு காலத்தில் முழுக் குடியிருப்பே இருந்தது. தெருக்கள், மாளிகைகள், தூதரகங்கள், ராணுவத் தலைமையகம் எல்லாம் நெருக்கமாக அடுக்கப்பட்ட பகுதி. அத்தனையும் போன பிறகு மிஞ்சியது இந்த ஒரே வீடு.

அந்தக் குடியிருப்பின் பெயர் அல்சன். 1864இல் டென்மார்க்கோடு நடந்த போரில் பிரஷ்யப் படை கைப்பற்றிய தீவின் பெயர் அது. வெற்றிக் களிப்பில் இருந்த பிரஷ்யா, தன் தலைநகரின் புதிய செல்வந்தர் பகுதிக்கு அந்தப் பெயரையே வைத்தது. 1870, 1871 ஆண்டுகளில் இந்த வீட்டைக் கட்டியவர் ஃப்ரீட்ரிஷ் ஹிட்சிக். பெர்லின் பங்குச் சந்தைக் கட்டடத்தை வடிவமைத்தவரும் அவரே. கட்டச் சொன்னவர் ஃப்ரீட்ரிஷ் ஃபிரெரிக்ஸ் என்ற மருத்துவர். கல்லீரல் நோய்கள் பற்றிய ஆய்வால் ஐரோப்பா முழுவதும் அறியப்பட்டவர். ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கும் சாரிட்டே மருத்துவமனையில் தலைமைப் பொறுப்பு வகித்தார். பின்னாளில் நோபல் பரிசு பெற்ற பால் எர்லிஷ் அவரிடம் உதவியாளராக இருந்தவர். வீட்டிலிருந்து மருத்துவமனைக்கு நடந்தே போய்விடலாம்.

ஃபிரெரிக்ஸ் 1885இல் இறந்தார். 1910 வாக்கில் வீடு எரிஷ் குன்ஹைம் என்ற ரசாயனத் தொழிலதிபரிடம் வந்தது. அவர் அதைத் தம் வசதிக்கு மாற்றியமைக்கப் பால் ஓட்டோ பௌம்கார்ட்டன் என்ற கட்டடக் கலைஞரை அமர்த்தினார். பௌம்கார்ட்டனின் வேறு இரண்டு வீடுகள் பெர்லினுக்குத் தென்மேற்கே வான்சே ஏரிக்கரையில் இன்றும் இருக்கின்றன. ஒன்று யூத ஓவியர் மாக்ஸ் லீபர்மானின் கோடை இல்லம். மற்றது மார்லியர் என்ற ஆலை முதலாளிக்காகக் கட்டியது. 1942 ஜனவரி 20 அன்று, ஐரோப்பிய யூதர்களை முற்றாக அழிக்கும் வேலையை எந்தெந்தத் துறை எப்படிப் பகிர்ந்துகொள்வது என்று நாஜி அதிகாரிகள் கூடிப் பேசியது அந்த வீட்டின் உணவுக் கூடத்தில்தான். ஓவியருக்கும் ஆலை முதலாளிக்கும் ரசாயன வியாபாரிக்கும் வீடு அமைத்தவர் ஒரே ஆள். யார் கையில் எது போய்ச் சேரும் என்பதை எந்தக் கட்டடக் கலைஞரும் வரைபடத்தில் எழுதி வைக்க முடியாது.

முதல் உலகப் போரில் ஜெர்மனி தோற்று, மன்னராட்சி விழுந்த மறு ஆண்டு, 1919இல், சுவிட்சர்லாந்து இந்த வீட்டை வாங்கியது. வீட்டிலிருந்து ரைஷ்டாக் சில நூறு மீட்டர். நடுவே மன்னர் சதுக்கம். சதுக்கத்தில் 1873இல் திறந்த வெற்றித் தூண். அதன் மேற்கே குரோல் இசை நாடக அரங்கு. தூதரகம் வைக்க இதைவிட நல்ல இடம் அன்றைய பெர்லினில் அரிது. புதிய குடியரசின் நாடாளுமன்றம் கூப்பிடு தூரத்தில் இருந்தது.

அந்தக் குடியரசு முடிந்ததையும் இதே வீடு பக்கத்திலிருந்து பார்த்தது. 1933 பிப்ரவரி 27 இரவு ரைஷ்டாக் எரிந்தது. அடுத்த மாதம் நாடாளுமன்றம் குரோல் அரங்கில் கூடி, ஹிட்லருக்கு எல்லா அதிகாரத்தையும் தூக்கிக் கொடுக்கும் சட்டத்தை நிறைவேற்றியது. போலந்து மீது படையெடுத்த 1939 செப்டம்பர் 1 அன்று ஹிட்லர் பேசியதும் அங்கேதான்.

அதற்குள் வீட்டுக்கே மரண தண்டனை எழுதியாகிவிட்டது. 1937இல் பெர்லினைத் திருத்தி எழுதும் பொறுப்பு ஆல்பர்ட் ஷ்பேர் என்ற இளம் கட்டடக் கலைஞரிடம் தரப்பட்டது. நகரின் நடுவே வடக்குத் தெற்காக ஒரு மாபெரும் சாலை. அதன் வடமுனையில், சரியாக இந்த ஆற்று வளைவில், 290 மீட்டர் உயரக் குவிமாட மண்டபம். உள்ளே 1,80,000 பேர் நின்று ஒரே மனிதனின் பேச்சைக் கேட்க வேண்டும். அந்த மண்டபத்தின் பக்கத்தில் ரைஷ்டாக் பணியாளர் குடியிருப்புபோல் தெரிந்திருக்கும். ஆற்றையே சற்று ஒதுக்கிவிடவும் திட்டம் இருந்தது. அல்சன் பகுதி முழுவதும் மண்டபத்தின் கீழும் அதன் முற்றத்தின் கீழும் போக வேண்டும்.

வெற்றித் தூணை 1938, 1939 ஆண்டுகளில் கழற்றி மேற்கே பெரிய நட்சத்திரச் சந்திப்புக்குக் கொண்டு போனார்கள். இன்றும் அது அங்கேதான் இருக்கிறது. வீடுகள் ஒவ்வொன்றாக இடிபட்டன. வெளிநாடுகளை அப்படி விரட்டிவிட முடியாது என்பதால், டியர்கார்ட்டன் பூங்காவின் தெற்கு விளிம்பில் அவர்களுக்குப் புதிய தூதரகப் பேட்டை உருவானது. இத்தாலிக்கும் ஜப்பானுக்கும் அங்கே எழுந்த கட்டடங்கள் கோட்டை அளவுக்குப் பெரியவை. சுவிட்சர்லாந்துக்கும் மாற்று இடம் பேசப்பட்டது. போர் வந்து, கல்லும் ஆளும் பீரங்கிப் பக்கம் போன பிறகு இடிப்பு வேலை நின்றது. இந்த வீட்டின் முறை வருவதற்குள் ஷ்பேருக்கு நேரம் தீர்ந்துவிட்டது.

அந்தக் கனவின் எடையைக் கண்ணால் பார்க்க விரும்பும் பயணி டெம்பல்ஹோஃப் பக்கம் போக வேண்டும். சாலையின் தென்முனையில் வரவிருந்த வெற்றி வளைவை பெர்லினின் மணல் மண் தாங்குமா என்று சோதிக்க 1941இல் வார்த்த கான்கிரீட் உருளை அங்கே இருக்கிறது. 12,650 டன். மூன்று ஆண்டுகளுக்குள் 20 சென்டிமீட்டருக்குச் சற்றுக் குறைவாக மண்ணில் இறங்கியது. வெடி வைத்தால் அக்கம்பக்கத்துக் குடியிருப்புகள் ஆட்டம் காணும் என்பதால் அதை இன்றுவரை யாரும் உடைக்கவில்லை.

வீடு தப்பியதைச் சொல்லும்போது சுவிஸ் நாட்டின் உறுதியைப் பாராட்டிக் கதையை முடித்துவிடுவது எளிது. உள்ளே நடந்ததையும் சொல்லியாக வேண்டும்.

1938இல் ஹிட்லர் ஆஸ்திரியாவை இணைத்துக்கொண்டதும் யூதர்கள் சுவிஸ் எல்லைக்கு ஓடி வந்தார்கள். வருபவர் யூதரா இல்லையா என்று எல்லையிலேயே தெரிய வேண்டும் என்று சுவிஸ் அரசு விரும்பியது. கூட்டாட்சிப் போலீஸ் தலைவர் ஹைன்ரிஷ் ரோட்முண்ட் பெர்லினுக்கு வந்து பேசினார். செப்டம்பர் 29 அன்று உடன்பாடு ஆனது. ஜெர்மன் யூதர்களின் கடவுச்சீட்டில் பெரிய சிவப்பு எழுத்தாக ‘ஜே’ முத்திரை விழத் தொடங்கியது அதன் பிறகுதான். தப்பி ஓட வைத்திருந்த காகிதமே அவர்களைத் திருப்பி அனுப்பும் காகிதமாக மாறியது. 1942 ஆகஸ்டில், கொலை முகாம்கள் இயங்கிக்கொண்டிருந்தபோது, சுவிட்சர்லாந்து யூத அகதிகளுக்கு எல்லையையே மூடியது. இதற்காக ஒரு சுவிஸ் அரசுத் தலைவர் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்க 1995 மே மாதம் வரை ஆனது. கேட்டவர் காஸ்பர் ஃபில்லிகர்.

உடன்பாடு நடந்த ஆண்டில் தூதராகப் பொறுப்பேற்றவர் ஹான்ஸ் ஃப்ரோலிஷர். அவருக்கு முன்பு இருந்த பால் டினிஷெர் நாஜிகளைப் பற்றித் தம் அரசுக்குக் கறாராக எழுதுபவர். புதியவர் மென்மையானவர், பெரியண்ணனைக் கோபப்படுத்தாமல் இருப்பதே சின்ன நாட்டின் பாதுகாப்பு என்று உண்மையாகவே நம்பியவர். சுவிஸ் பத்திரிகைகள் ஹிட்லரை எழுதிக் கிழிப்பதை அடக்க வேண்டும் என்று தலைநகர் பெர்னுக்குத் திரும்பத் திரும்பச் சொன்னார். போருக்குப் பிறகு அவருக்குப் பெரிய பதவி எதுவும் கிடைக்கவில்லை. அவரை மாதிரியாக வைத்து தாமஸ் ஹூர்லிமான் எழுதிய ‘தூதர்’ என்ற நாடகம் 1991இல் மேடையேறியது. ஃப்ரோலிஷரை மட்டும் தனியே கூண்டில் ஏற்றுவது நியாயமல்ல. அவரை அனுப்பியதும், அந்தப் பதவியில் ஏழு ஆண்டுகள் வைத்திருந்ததும் பெர்ன்தான்.

அதே அலுவலகத்துக்கு இன்னொரு வேலையும் இருந்தது. போரில் ஒன்றையொன்று எதிர்க்கும் நாடுகள் தூதரகங்களை மூடிவிட்டால், எதிரி நாட்டில் சிக்கிய தம் குடிமக்களையும் கைதிகளையும் கவனிக்க ஒரு நடுநிலை நாட்டிடம் பொறுப்பை ஒப்படைக்கும். இரண்டாம் உலகப் போரில் சுவிட்சர்லாந்து 35 நாடுகளுக்காக 200க்கும் மேற்பட்ட இத்தகைய பொறுப்புகளைச் சுமந்தது. அமெரிக்காவும் போரில் இறங்கிய பின் பிரிட்டிஷ் நலன்களும் அமெரிக்க நலன்களும் பெர்லினில் சுவிஸ் கைக்கு வந்தன. சுவிஸ் அதிகாரிகள் கைதி முகாம்களுக்குப் போனார்கள். உணவு போதுமா, மருத்துவர் உண்டா, கடிதம் வருகிறதா என்று கேட்டு அறிக்கை எழுதினார்கள். பிரிட்டிஷ் படையில் சேர்ந்து வட ஆப்பிரிக்கப் பாலைவனத்தில் பிடிபட்ட இந்தியச் சிப்பாய்களும் அந்தக் கவனிப்புக்குள் வந்தவர்கள்.

அதே சிப்பாய்களைத் தேடி வேறொருவரும் முகாம்களுக்கு வந்தார். 1941 ஏப்ரலில் காபூல், மாஸ்கோ வழியாக பெர்லின் வந்து சேர்ந்த சுபாஷ் சந்திர போஸ். டியர்கார்ட்டனின் அந்தப் புதிய தூதரகப் பேட்டையில், லிக்டன்ஷ்டைன் சாலையில், அவருடைய சுதந்திர இந்திய மையம் இயங்கியது. நாடு இல்லாத நாட்டுக்குத் தூதரகம் போன்ற மரியாதை. ‘ஜெய் ஹிந்த்’ என்ற முழக்கம் பரவலானதும், ‘ஜன கண மன’ தேசியப் பாடலாக ஏற்கப்பட்டதும் அந்த பெர்லின் நாட்களில்தான். போஸ் கேட்டபோது ஏறத்தாழ 3,000 பேர் கைதி உடையைக் களைந்து அவருடைய படைப்பிரிவில் சேர்ந்தார்கள். சேராதவர்கள் முகாமிலேயே இருந்து, பிரிட்டனின் சார்பில் வரும் சுவிஸ் அதிகாரியிடம் குறைகளைச் சொன்னார்கள். விடுதலைக்கு ஆள் எடுக்கும் இந்தியத் தலைவர் ஒரு பக்கம். ஆளும் பிரிட்டிஷ் அரசுக்காகக் கைதியை நலம் விசாரிக்கும் நடுநிலை நாட்டு எழுத்தர் மறு பக்கம். நடுவில் நின்ற சிப்பாய்க்கு எது விசுவாசம், எது துரோகம் என்று அன்று யாரும் தெளிவாகச் சொல்லியிருக்க முடியாது.

1943 நவம்பரில் பிரிட்டிஷ் குண்டுவீச்சு தூதரகப் பகுதிகளைச் சிதைத்தது. சுவிஸ் அலுவலர்களில் பலர் நகரை விட்டு வெளியே போனார்கள். சிலரே தங்கினார்கள்.

1945 ஏப்ரல் இறுதியில் போர் நேரே வாசலுக்கு வந்தது. ரயில் நிலையத்திலிருந்து மேற்கே சற்று நடந்தால் மோல்ட்கே பாலம் வரும். 1891இல் முடிந்த சிவப்பு மணற்கல் பாலம். பக்கவாட்டில் செதுக்கிய சிற்பங்கள். ஏப்ரல் 28 இரவு சோவியத்தின் மூன்றாம் அதிர்ச்சிப் படையினர் இதன் மீது ஏறினார்கள். ஜெர்மானியர்கள் வைத்த வெடி பாலத்தைப் பாதிதான் உடைத்தது. முள்கம்பி, தடுப்புகள், மூன்று பக்கமும் துப்பாக்கிச் சூடு. அதைத் தாண்டி அக்கரை சேர்ந்தவர்கள் முதலில் மோதியது உள்துறை அமைச்சகக் கட்டடத்தில். சோவியத் வீரர்கள் அதற்கு ‘ஹிம்லர் வீடு’ என்று பெயர் வைத்திருந்தார்கள். அறை அறையாக, மாடி மாடியாக, ஏறத்தாழ முழு நாள் சண்டை நடந்தது. அடுத்து சுவிஸ் தூதரகம். நிலவறையில் ஒதுங்கியிருந்த சில ஊழியர்களுக்கு மேலே, செம்படை வீடு முழுவதையும் எடுத்துக்கொண்டது.

இங்கிருந்து பார்த்தால் ரைஷ்டாக் தெரியும். நடுவே திறந்த சதுக்கம். ஷ்பேரின் திட்டத்துக்காகத் தோண்டிப் பாதியில் விட்ட பள்ளத்தில் நீர் நிறைந்து அகழியாகிக் கிடந்தது. ஏப்ரல் 30 காலை முதல் தாக்குதல் முறியடிக்கப்பட்டது. நண்பகலில் போனவர்களும் திரும்ப வேண்டியதாயிற்று. இருட்டிய பிறகுதான் உள்ளே நுழைய முடிந்தது. அந்த இரவில் கூரையில் கொடி ஏறியது. உலகம் அறிந்த புகைப்படத்தை யெவ்கெனி ஹால்டெய் எடுத்தது மே 2 அன்று, சண்டை ஓய்ந்த பின். ஒரு நடுநிலை நாட்டின் வரவேற்பறையிலிருந்து ரைஷ்டாக் மீதான இறுதித் தாக்குதல் புறப்பட்டது என்பதைப் பூங்காப் புல்வெளியில் நின்று இரண்டு கட்டடங்களையும் மாறி மாறிப் பார்க்கும்போதுதான் உணர முடிகிறது. நடக்க ஐந்து நிமிடம் ஆகும் தூரம். அந்தத் தூரத்தில் செத்தவர்களில் பலர் இளைஞர்கள்.

பின்வந்த குளிர்காலங்களில் விறகுக்காக மக்கள் டியர்கார்ட்டனையே வெட்டினார்கள். போருக்கு முன் இருந்த 2,00,000 மரங்களில் 700 அளவுக்கே மிஞ்சின என்று கணக்குச் சொல்கிறார்கள். ரைஷ்டாக்கின் முன்னால் உருளைக்கிழங்கும் முட்டைக்கோசும் பயிரானது. அல்சனின் இடிபாடுகளை அள்ளிச் சமப்படுத்தினார்கள். குரோல் அரங்கின் எச்சத்தை 1951இல் இடித்தார்கள். சுவிஸ் வீடு மட்டும் ஓட்டைக் கூரையோடு நின்றது. கிழக்கே சிதறிப் போன சுவிஸ் குடிமக்களைத் தாயகம் அனுப்பும் வேலை அங்கே நடந்தது. பிறகு மேற்கு ஜெர்மனியின் தலைநகரம் பான் நகருக்குப் போக, இது சுவிஸ் அரசின் பெர்லின் பிரதிநிதி அலுவலகம் ஆனது. அதன் பின் துணைத் தூதரகம்.

1961 ஆகஸ்ட் 13 அன்று கிழக்கு பெர்லினையும் மேற்கு பெர்லினையும் பிரிக்கும் சுவர் எழுந்தது. வீடு மேற்கில் இருந்தது. ரைஷ்டாக்கின் முதுகுப்பக்கம் கிழக்கு தொடங்கியது. பதினோரு நாட்கள் கழித்து, இன்றைய ரயில் நிலையத்துக்குப் பக்கத்துத் துறைமுகக் குட்டையில் நீந்தி மேற்கே வர முயன்ற குன்டர் லிட்ஃபின் என்ற தையல்காரர் சுட்டுக் கொல்லப்பட்டார். வயது 24. சுவர்க் காவலர்களின் துப்பாக்கிக்கு முதலில் பலியானவர் அவர். பிறகு ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் இந்த ஆற்று வளைவு நகரத்தின் நடுவில் இருந்தும் நகரத்தின் ஓரம்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் ரைஷ்டாக் முன் புல்வெளியில் குடும்பங்கள் பந்து விளையாடின. இத்தகைய இடத்தில் பராமரிப்புச் செலவு செய்துகொண்டு ஒரு பெரிய வீட்டை வைத்திருப்பதற்குப் பொறுமை வேண்டும். விற்காமல், இடிக்காமல் காத்திருந்ததற்காக சுவிஸ் அரசைத் தாராளமாகப் பாராட்டலாம்.

1991 ஜூன் 20 அன்று ஜெர்மன் நாடாளுமன்றம் 338க்கு 320 என்ற வாக்கில் நாடாளுமன்றத்தையும் அரசையும் பெர்லினுக்கு மாற்றத் தீர்மானித்தது. பத்து வாக்கு இடம் மாறியிருந்தால் இந்த வீடு இன்னும் புல்வெளிக்கு நடுவேதான் நின்றிருக்கும். அரசுக் கட்டடங்களுக்கான போட்டியில் வென்ற ஆக்சல் ஷுல்டெஸ், ஷார்லோட்டே ஃபிராங்க் இருவரும் ஆற்றை இரண்டு இடத்தில் தாண்டிப் போகும் நீண்ட பட்டையாக வளாகத்தை அமைத்தார்கள். ஷ்பேரின் சாலை வடக்குத் தெற்காகப் போக இருந்தது. இவர்களுடையது கிழக்கு மேற்காக, சுவர் பிரித்த இரண்டு பாதிகளைத் தைப்பதுபோல் போகிறது. பட்டையின் நடுவில் குடிமக்கள் கூடுவதற்கென்று ஒரு மன்றம் வரைந்திருந்தார்கள். அது கட்டப்படவே இல்லை. சான்சலர் அலுவலகத்துக்கும் உறுப்பினர் அலுவலகத்துக்கும் இடையே இன்று வெறும் இடம் கிடக்கிறது. அந்த இடைவெளியின் வடக்கு ஓரத்தில்தான் சுவிஸ் வீடு இருக்கிறது. ஆட்சிக்கு வேண்டிய கட்டடங்கள் எல்லாம் முடிந்து, மக்களுக்கென்று சொன்ன ஒன்று மட்டும் விடுபட்டது வருத்தமே.

கட்டுமானக் காலத்தில் ரயிலுக்கும் சாலைக்கும் சுரங்கம் போட இந்த வீட்டைச் சுற்றிலும் மாபெரும் பள்ளம் தோண்டினார்கள். அதே சமயத்தில் சுவிஸ் அரசு பாசல் நகரத்து டீனர் அண்டு டீனர் நிறுவனத்திடம் விரிவாக்கத்தை ஒப்படைத்தது. அவர்கள் பழைய வீட்டின் கிழக்கில் ஒரு கான்கிரீட் பெட்டியை ஒட்ட வைத்தார்கள். பூச்சில்லாத சாம்பல் கான்கிரீட். மேற்குச் சுவரில், ஒரு காலத்தில் பக்கத்து வீடு ஒட்டியிருந்த இடத்தில், ஓவியர் ஹெல்முட் ஃபெடர்லே கான்கிரீட்டிலேயே ஒரு புடைப்பு வேலை செய்தார். 2001இல் திறப்பு விழா. பெர்லின்காரர்கள் பலருக்குப் பிடிக்கவில்லை. பதுங்கு குழி என்றார்கள். நேரில் பார்த்தால் அந்தக் கோபம் புரிகிறது. ஆனாலும் கட்டடக் கலைஞர்கள் செய்ததே சரி. பழைய பாணியில் ஒரு சிறகைச் சேர்த்து, மருத்துவர் ஃபிரெரிக்ஸ் கட்டியபடியே எல்லாம் நலமாக இருக்கிறது என்று காட்டியிருந்தால் அது பொய்யாகியிருக்கும். பக்கத்து வீடுகள் பிடுங்கப்பட்ட தழும்பு இந்தச் சுவர்களில் தெரியத்தான் வேண்டும்.

தெற்கே டியர்கார்ட்டன் பேட்டைக்கு நடந்தால் மற்ற கதைகள். பல பத்தாண்டுகள் பாதி இடிபாடாகக் கிடந்த இத்தாலியத் தூதரகம் இளஞ்சிவப்புப் பூச்சோடு திரும்பியிருக்கிறது. ஐந்து நார்டிக் நாடுகள் ஒரே செப்பு வேலிக்குள் கூட்டாகக் குடியிருக்கின்றன. டியர்கார்ட்டன் தெருவில் இந்தியத் தூதரகம்; ராஜஸ்தான் பக்கத்துச் சிவப்பு மணற்கல்லைக் கப்பலேற்றிக் கொண்டுவந்து கட்டியது. மழை மேகத்துக்குக் கீழே அந்தக் கல் ஊர் நிறத்தைக் காட்டும்போது இந்தியப் பயணிக்குச் சற்று நேரம் நகர மனம் வராது.

சுவிஸ் வீட்டின் கதையில் மீதம் இருப்பது அங்கே இல்லை. ரயில் நிலையத்திலிருந்து 123ஆம் எண் பேருந்து ப்ளோட்சன்சே நினைவிடத்துக்குப் போகிறது. சிறை வளாகத்தின் ஓரத்தில் செங்கல் கொட்டகை ஒன்று. நாஜி ஆட்சியில் 2,800க்கும் மேற்பட்டவர்கள் தூக்கிலும் கில்லட்டினிலும் கொல்லப்பட்ட இடம். நுழைவுக் கட்டணம் இல்லை. கொல்லப்பட்டவர்களில் ஒருவர் மொரிஸ் பவோ. சுவிட்சர்லாந்தின் நொஷாத்தெல் நகரத்தவர். பாதிரியாராகப் பயின்ற மாணவர். 1938 நவம்பர் 9 அன்று மியூனிக்கில் ஹிட்லர் நடந்து வந்த ஊர்வலத்தைப் பார்க்க மேடையில் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். கோட்டுப் பையில் கைத்துப்பாக்கி. ஹிட்லர் பக்கத்தில் வந்தபோது, முன்னால் நின்றவர்கள் வணக்கம் செலுத்தக் கையைத் தூக்கிக் குறியை மறைத்தார்கள். சுட முடியவில்லை. பணம் தீர்ந்து, பயணச்சீட்டு இல்லாமல் ரயிலேறிப் பிடிபட்டார். விசாரணையில் எல்லாம் வெளிவந்தது.

1939 டிசம்பரில் பெர்லின் மக்கள் நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. அதன் பிறகு பதினாறு மாதங்களுக்கு மேல் அவர் உயிரோடு சிறையில் இருந்தார். பெற்றோருக்குக் கடிதம் எழுதினார். தண்டனையைக் குறைக்கச் சொல்லித் தட்ட வேண்டிய கதவு சுவிஸ் தூதருடையது. ஃப்ரோலிஷர் சிறைக்குப் போய் அவரைப் பார்க்கவில்லை. கருணை காட்டும்படி வற்புறுத்தவும் இல்லை. திட்டமிட்ட செயலே அருவருப்பானது என்பது அவர் நிலை. பெர்னும் அதற்கு மேல் கேட்கவில்லை. மற்ற நாடுகளின் ஆயிரக்கணக்கான கைதிகளுக்குக் கடிதமும் கம்பளியும் போய்ச் சேர வழி செய்த அதே அரசுப் பணி, தன் சொந்த நாட்டு இளைஞர் ஒருவருக்காக ஒரு நல்ல விண்ணப்பம் எழுதாமல் விட்டது. 1941 மே 14 அன்று ப்ளோட்சன்சேயில் கில்லட்டின் விழுந்தது. வயது 25.

போருக்குப் பின் தந்தை தொடுத்த வழக்கில் 1955இல் மேற்கு பெர்லின் நீதிமன்றம், இறந்து பதினான்கு ஆண்டான மகனின் தண்டனையை ஐந்தாண்டுச் சிறையாகக் குறைத்தது. மறு ஆண்டு மேல்முறையீட்டில் அதையும் நீக்கியது. ஜெர்மனி குடும்பத்துக்கு இழப்பீடு கொடுத்தது. 2008 நவம்பரில், பவோ குறிவைத்த நாளின் எழுபதாம் ஆண்டில், சுவிஸ் கூட்டமைப்பின் தலைவர் பாஸ்கல் குஷ்பேன் அறிக்கை வெளியிட்டார். ஹிட்லர் உலகத்துக்குக் கொண்டுவரவிருந்த பேரழிவை அந்த மாணவர் முன்கூட்டியே உணர்ந்தார், அன்றைய சுவிஸ் அதிகாரிகள் அவருக்காகப் போதிய அளவு தலையிடவில்லை, அவர் நன்றியோடு நினைக்கத் தக்கவர் என்று அதில் சொல்லியிருந்தார்.